ஜெயித்தவன் வீட்டிலே அழுத கதை: கூட்டுறவுச் சங்க அவார்டுகளும் பன்னிரண்டு ஆண்டுக் கெடுவும்

"கோர்ட்டுக்குப் போனவர்களில் தோற்றவன் அங்கேயே அழுதான், ஜெயித்தவன் வீட்டுக்கு வந்து அழுதான்" என்று நம் ஊர்ப் பக்கம் ஒரு பேச்சு உண்டு. இதையே வேறு சொற்களில் லண்டன் பிரிவி கவுன்சிலும் சொல்லியிருக்கிறது. 1872ஆம் ஆண்டு தர்பங்கா சமஸ்தானத்து வழக்கு ஒன்றில், இந்தியாவில் வழக்காடுபவனுக்கு உண்மையான கஷ்டம் டிகிரி வாங்கிய பிறகுதான் தொடங்குகிறது என்று அந்த நீதிபதிகள் வருந்தினார்கள். ஒன்றரை நூற்றாண்டு கழிந்தும் அந்த வருத்தம் தீரவில்லை.

இந்தக் கட்டுரைக்குக் காரணம் ஓர் இரும்பு பீரோ. 1990களின் கடைசியில், மும்பையில் நான் வேலை பார்த்த இடத்தில் ஊழியர் சிக்கனக் கூட்டுறவுச் சங்கத்துக்குக் கௌரவச் செயலாளராக இருந்தேன். உறுப்பினர்களில் பாதிப் பேர் நம்மவர்கள். மாட்டுங்கா, சயான், தாராவி, செம்பூர் என்று பல இடங்களிலிருந்து வந்தவர்கள். பொறுப்பேற்ற வாரத்தில் பீரோவைத் திறந்து தூசி தட்டினேன். பதினான்கு கோப்புகள் கிடைத்தன. கடன் வாங்கித் திருப்பித் தராதவர்கள் மேல் சங்கம் வழக்குப் போட்டு வாங்கிய அவார்டுகள். எல்லாமே சங்கத்துக்குச் சாதகம். எதிலும் ஒரு பைசா வசூலாகவில்லை.

பொருளாளர் திருநெல்வேலிக்காரர், வயதில் மூத்தவர். "அண்ணாச்சி, இதெல்லாம் ஏன் அப்படியே கிடக்கு?" என்று கேட்டேன்.

"அவார்டுதான் வந்தாச்சுல்லா, பொறவு என்னடே? அது எங்க ஓடிப் போவுது? என்னைக்கு வேணும்னாலும் வசூல் பண்ணிக்கலாம்" என்றார்.

கோப்புகளைத் தூக்கிக்கொண்டு வக்கீலிடம் போனேன். அவர் ஒவ்வொன்றிலும் தேதியை மட்டும் பார்த்தார். மூன்றை எடுத்து ஓரமாக வைத்தார். "இந்த மூணும் பன்னெண்டு வருஷம் தாண்டிப் போச்சு. இனிமே இது வெறும் காகிதம். இதோ இந்த ஒண்ணுக்கு இன்னும் ஏழு வாரம் இருக்கு. இன்னிக்கே கையெழுத்துப் போடுங்க" என்றார்.

அன்று இரவு தூக்கம் வரவில்லை. மகள் கல்யாணத்துக்குக் கடன் கேட்டு வந்த உறுப்பினர்களிடம் "நிதி இல்லை, அடுத்த மாசம் பாருங்க" என்று சங்கம் சொல்லியிருக்கிறது. அந்த நிதி எங்கள் பீரோவுக்குள்ளேயே செத்துப் போயிருந்தது. பன்னிரண்டு வருஷம் என்று யார் சொன்னது, ஏன் சொன்னார்கள் என்று தேடப் போய்க் கிடைத்ததுதான் இந்த வரலாறு.

கடனுக்குக் கெடு வந்த கதை

நம் பழைய தர்ம சாஸ்திர வழக்கில் கடன் என்பது எளிதில் தீராதது. அப்பன் பட்ட கடனை மகன் தீர்ப்பது புண்ணியக் கடமை. அங்கே கட்டுப்பாடு தொகைக்கு இருந்தது. வட்டி அசலை மிஞ்சக் கூடாது என்ற 'தாம்துபட்' விதி பம்பாய் ராஜதானியில் ஆங்கிலேயர் கோர்ட்டுகளிலும் செல்லுபடியானது.

ஆங்கிலேயர் கட்டுப்பாட்டைக் காலத்தின் மேல் வைத்தார்கள். 1859ஆம் ஆண்டுக் காலவரம்புச் சட்டம் சாதாரணக் கடன் பத்திரத்துக்கு மூன்று ஆண்டு என்று கெடு வைத்தது. வட்டி பல வருஷம் ஏறி விவசாயி மூழ்கிவிடக் கூடாது என்பது எண்ணம். நடந்தது தலைகீழ். லேவாதேவிக்காரர் மூன்றாம் வருஷ முடிவில் குடியானவனைக் கூப்பிட்டு, அசலோடு வட்டியையும் சேர்த்துப் புதுப் பத்திரம் எழுதி வாங்கிக்கொண்டார். அடுத்த மூன்று வருஷத்துக்கு அந்த மொத்தத்துக்கும் வட்டி. காப்பாற்ற வந்த கெடுவே கழுத்துச் சுருக்காயிற்று.

1875 மே மாதம் புனே மாவட்டத்துச் சுபா கிராமத்தில் ஜனங்கள் திரண்டு கடைகளைத் தாக்கினார்கள். கணக்குப் புத்தகங்களையும் கடன் பத்திரங்களையும் குவித்துக் கொளுத்தினார்கள். அது அகமத்நகர் வரை பரவியது. தக்காணக் கலவரம் என்று பாடப் புத்தகத்தில் நம் பிள்ளைகள் படிப்பது இதைத்தான். விசாரணைக் குழு உட்கார்ந்தது. 1879இல் தக்காண விவசாயிகள் நிவாரணச் சட்டம் வந்து, பத்திரத்தில் எழுதிய தொகையை அப்படியே நம்பாமல் உண்மையான கணக்கைக் கிளறிப் பார்க்கும் அதிகாரத்தைக் கோர்ட்டுக்குக் கொடுத்தது.

ஆனால் சட்டம் திருத்தினால் மட்டும் போதுமா? லேவாதேவிக்காரரை விட்டால் கடன் கொடுக்க வேறு ஆள் வேண்டுமே. கூட்டுறவுக்கு வழி பிறந்தது இந்தக் கேள்வியிலிருந்துதான்.

சென்னை வழி காட்டியது

இதில் தமிழ்நாட்டுக்கு ஒரு முக்கியப் பங்கு உண்டு. சென்னை மாகாண அதிகாரி ஃபிரெடரிக் நிக்கல்சன், ஐரோப்பியக் கூட்டுறவு வங்கிகளை ஆராய்ந்து 1895-97இல் பெரிய அறிக்கை ஒன்று தந்தார். நம் ஊர் நிதிகளையும் அவர் கவனித்து எழுதியிருக்கிறார். மயிலாப்பூரில் 1872இலேயே தொடங்கிய நிரந்தர நிதியை நம்மில் பலர் அறிவோம். 1904இல் கூட்டுறவுக் கடன் சங்கச் சட்டம் வந்தது. அதே ஆண்டு அக்டோபரில் காஞ்சிபுரத்தில் பதிவானது நாட்டின் முதல் நகரக் கூட்டுறவுக் கடன் சங்கம். திருவல்லிக்கேணியில் பண்டகசாலைச் சங்கம் தொடங்கியதும் 1904தான்.

சங்கம் என்றால் தகராறும் உண்டு. ஐம்பது ரூபாய் பாக்கிக்குக் கோர்ட்டு ஸ்டாம்பு, வக்கீல் ஃபீஸ், வாய்தா என்று அலைந்தால் சங்கம் தாங்குமா? அதனால் 1912ஆம் ஆண்டு மத்தியச் சட்டத்தின் 43ஆம் பிரிவு ஒரு வழி செய்தது. சங்கத்துக்கும் உறுப்பினருக்கும் வரும் தகராறைப் பதிவாளரே தீர்க்கலாம், அல்லது நடுவரிடம் விடலாம், அந்தத் தீர்ப்பை நிறைவேற்றும் முறைக்கும் மாகாண அரசு விதி செய்துகொள்ளலாம் என்றது. நாம் இன்று 'அவார்டு' என்று சொல்வதன் வேர் இங்கேதான்.

1919 சீர்திருத்தத்துக்குப் பிறகு கூட்டுறவு மாகாணங்களின் கைக்குப் போயிற்று. பம்பாய் 1925இலும் சென்னை 1932இலும் தனித்தனிச் சட்டம் இயற்றின. அரசியல் சட்டத்திலும் இது மாநிலப் பட்டியலில்தான் இருக்கிறது. ஆகவே சென்னையில் இருக்கும் மைத்துனர் சொல்கிற விதி மும்பையில் அப்படியே பொருந்தும் என்று நம்பக் கூடாது. தமிழ்நாட்டில் தகராறுக்கு 1983ஆம் ஆண்டுச் சட்டத்தின் 90ஆம் பிரிவு. மகாராஷ்டிரத்தில் 1960ஆம் ஆண்டுச் சட்டத்தின் 91ஆம் பிரிவு.

மூன்றாண்டு முடிச்சு

இனி டிகிரிக்கு வருவோம். டிகிரி என்றால் தீர்ப்பாணை. அதை நிறைவேற்றக் கேட்கும் மனுவைக் கோர்ட்டு வட்டாரத்தில் ஈ.பி. என்பார்கள். 1908ஆம் ஆண்டுக் காலவரம்புச் சட்டத்தின் 182ஆம் இனம், சாதாரண சிவில் கோர்ட்டு டிகிரியை நிறைவேற்ற மூன்று ஆண்டு என்றது. ஆனால் அந்த மூன்று ஆண்டுக்குள் நிறைவேற்றத்துக்கு உதவியாக ஏதாவது ஒரு நடவடிக்கை எடுத்திருந்தால் மறுபடி மூன்று ஆண்டு கிடைக்கும். இப்படி நீட்டிக்கொண்டே போகலாம். சிவில் நடைமுறைச் சட்டத்தின் 48ஆம் பிரிவு போட்ட பன்னிரண்டு ஆண்டு உச்சவரம்புதான் எல்லை.

விளைவு என்ன? பணம் வசூலிக்க அல்ல, டிகிரியை உயிரோடு வைத்திருக்க மட்டும் மூன்று வருஷத்துக்கு ஒரு மனு போடும் பழக்கம் வந்தது. கடனாளி தரப்பு வக்கீல், "போன தடவை போட்ட மனு சட்டப்படி உதவி நடவடிக்கையே இல்லை" என்று வாதாடுவார். அதற்கே ஒரு மேல்முறையீடு. தக்காணத்துப் பத்திரம் மூன்று வருஷத்துக்கு ஒரு தரம் புதுப்பிக்கப்பட்டது போலவே டிகிரியும் புதுப்பிக்கப்பட்டது.

சுதந்திரத்துக்குப் பிறகு சட்ட ஆணையம் தன் மூன்றாவது அறிக்கையில், 1956இல், இந்த முடிச்சை அவிழ்க்கச் சொன்னது. 182ஆம் இனத்தால் நேர்மையற்ற டிகிரிதாரரும் நேர்மையற்ற கடனாளியும்தான் லாபம் அடைகிறார்கள் என்பது அதன் கருத்து. அதன்படி 1963ஆம் ஆண்டுப் புதிய காலவரம்புச் சட்டம் 1964 ஜனவரி 1 முதல் நடைமுறைக்கு வந்தது. 136ஆம் இனம் நேராகச் சொன்னது: பன்னிரண்டு ஆண்டு. இடையில் புதுப்பிக்கவும் வேண்டாம், அதற்கு மேல் நீட்டவும் முடியாது. 48ஆம் பிரிவு ரத்தாயிற்று.

அண்ணாச்சி "என்னைக்கு வேணும்னாலும்" என்று சொன்னதன் பின்னால் ஒரு நியாயம் இருந்தது. மூன்று வருஷத்துக்கு ஒரு தரம் ஓட வேண்டிய நிர்ப்பந்தம் போனதும், ஓட வேண்டியதே இல்லை என்று சங்கங்கள் அயர்ந்துவிட்டன.

அவார்டு டிகிரி ஆகுமா?

இங்கே ஒரு நுட்பமான கேள்வி. 136ஆம் இனம் பேசுவது சிவில் கோர்ட்டின் டிகிரியைப் பற்றி. நம் அவார்டைக் கொடுத்தவர் பதிவாளரோ நடுவரோ. அவர் சிவில் கோர்ட்டு இல்லையே! அப்படியானால் வேறெங்கும் சொல்லப்படாத மனுக்களுக்கு உள்ள 137ஆம் இனத்தின் மூன்று ஆண்டுதானா? பன்னிரண்டுக்கும் மூன்றுக்கும் இடையே ஒன்பது ஆண்டு. ஒரு சிறு சங்கத்துக்கு அது உயிர் போகிற வித்தியாசம்.

சட்டம் இதற்கு ஒரு பாலம் போட்டிருக்கிறது. மகாராஷ்டிரச் சட்டத்தின் 98ஆம் பிரிவுப்படி, உரிய சான்றிதழோடு வரும் தீர்ப்பு சிவில் கோர்ட்டின் டிகிரியாகவே கருதப்பட்டு அதே முறையில் நிறைவேற்றப்படும். 'கருதப்படும்' என்ற அந்த ஒற்றைச் சொல்தான் அவார்டைப் பன்னிரண்டு ஆண்டுக் கணக்குக்குள் கொண்டுவருகிறது. அதே பிரிவு இரண்டாவது வழியும் தருகிறது. நிலவரி பாக்கி போலக் கலெக்டர் மூலம் வசூலிக்கலாம். அதற்கான விண்ணப்பமும், தீர்ப்பில் குறித்த நாளிலிருந்து, நாள் குறிக்கவில்லையென்றால் தீர்ப்புத் தேதியிலிருந்து, பன்னிரண்டு ஆண்டுக்குள் போக வேண்டும். கணக்குத் தொடங்குவது சான்றிதழ் வாங்கிய நாளில் அல்ல என்பதைக் கவனியுங்கள்.

இந்தக் 'கருதப்படும்' எவ்வளவு தூரம் இழுபடும் என்பதை வேறு வழக்குகள் காட்டுகின்றன. 2006இல் உச்ச நீதிமன்றம், நடுவர் தீர்ப்பு வசூலுக்காக டிகிரி போல நடத்தப்பட்டாலும் அதைக் கொண்டு திவால் நோட்டீசு அனுப்ப முடியாது என்றது. 2020இல், வெளிநாட்டு நடுவர் தீர்ப்பு இந்திய சிவில் கோர்ட்டின் டிகிரி அல்ல, அதற்கு 137ஆம் இனத்தின் மூன்று ஆண்டுதான் என்றது. ஆகவே நம் சங்கம் எந்தச் சட்டத்தில் பதிவானது, அந்தச் சட்டம் என்ன சொல் போட்டிருக்கிறது என்று பார்ப்பது முதல் வேலை.

பாக்கிப் பராமரிப்புத் தொகைக்கு வழக்கே போடாமல் பதிவாளரிடம் வசூல் சான்றிதழ் வாங்கும் சுருக்கு வழியும் இங்கே உண்டு. முன்பு அது 101ஆம் பிரிவு. 2019 திருத்தத்துக்குப் பிறகு வீட்டுவசதிச் சங்கங்களுக்கு மட்டும் 154பி-29 என்ற தனிப் பிரிவு.

நாள் எண்ணும் விதம்

எங்கள் பதினான்கு கோப்புகளையும் வைத்துக்கொண்டு வக்கீல் எனக்கு நடத்திய பாடத்தைச் சுருக்கமாகத் தருகிறேன்.

ஒன்று, தவணை. மாதா மாதம் கட்டச் சொல்லி டிகிரி இருந்தால், தவறிய ஒவ்வொரு தவணைக்கும் தவறிய நாளிலிருந்து தனிக் கணக்கு.

இரண்டு, மேல்முறையீடு. அப்பீலில் விசாரித்துத் தீர்ப்பை உறுதி செய்தால், கீழ்த் தீர்ப்பு மேல் தீர்ப்பில் கலந்துவிடுகிறது. அந்த நாளிலிருந்து எண்ணலாம். உச்ச நீதிமன்றம் 2004இல் இதைத் தெளிவாக்கியது. ஆனால் தடையாணை இல்லாத வரை அப்பீல் முடியட்டும் என்று கையைக் கட்டிக்கொண்டு உட்கார வேண்டியதில்லை. தடையாணை இருந்தால் அந்தக் காலத்தை 15ஆம் பிரிவுப்படி கழித்துக்கொள்ளலாம்.

மூன்று, மன்னிப்புக் கிடையாது. வேறு பல மனுக்களில் தாமதத்துக்குக் காரணம் காட்டி 5ஆம் பிரிவில் மன்னிப்புக் கேட்கலாம். ஈ.பி.க்கு அது பொருந்தாது. செயலாளர் சீக்காளி, கோப்பு மழையில் நனைந்தது என்றெல்லாம் சொல்லிப் பயனில்லை. எதிர்த் தரப்பு வாயே திறக்காவிட்டாலும் கெடு தாண்டியதை நீதிபதியே பார்த்துத் தள்ளியாக வேண்டும். 3ஆம் பிரிவு அப்படி.

நான்கு, இதுதான் எங்களைக் கவிழ்த்தது. இறந்துபோன மூன்று கோப்புகளில் ஒன்றில், கடனாளி பத்தாவது வருஷம் இருநூறு ரூபாய் கட்டி, "மீதியைச் சீக்கிரம் தருகிறேன்" என்று கடிதமும் கொடுத்திருந்தார். "அதான் ரசீது இருக்கே, கெடு புதுசாயிருச்சுல்லா?" என்று அண்ணாச்சி நம்பினார். புரோநோட்டுக்கு அது சரி. ஆனால் டிகிரிக்கு அப்படி இல்லை. கடனை ஒப்புக்கொண்டு எழுதுவதும் கொஞ்சம் கட்டுவதும் கெடுவை நீட்டும் என்று சொல்கிற 18, 19ஆம் பிரிவுகளே, தம் விளக்கத்தில் டிகிரியை விலக்கி வைத்திருக்கின்றன.

ஐந்து, ஊருக்குப் போன கடனாளி. நம்மவர்களிடையே இது அதிகம். ஓய்வு பெற்றுத் தூத்துக்குடிக்கோ பாலக்காட்டுக்கோ போய்விடுவார். சொத்து அங்கே, டிகிரி இங்கே. சாதாரணமாக டிகிரியை அந்த ஊர்க் கோர்ட்டுக்கு மாற்றி அனுப்பி, அங்கே ஈ.பி. போட வேண்டும். கலெக்டர் வழியில் போனால், 1890ஆம் ஆண்டு வருவாய் வசூல் சட்டப்படி ஒரு மாவட்டக் கலெக்டர் இன்னொரு மாவட்டத்துக்குச் சான்றிதழ் அனுப்பலாம். பல மாநிலச் சங்கங்களுக்கான 2002ஆம் ஆண்டுச் சட்டத்தில் வரும் தகராறுகளுக்கோ 1996ஆம் ஆண்டு நடுவர் சட்டம் பொருந்தும். அந்தச் சட்டப்படியான தீர்ப்பைச் சொத்து இருக்கிற ஊர்க் கோர்ட்டிலேயே நேரடியாக நிறைவேற்றக் கேட்கலாம் என்று 2018இல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. எந்த வழியானாலும் காகிதம் ஊர் போய்ச் சேர மாதங்கள் பிடிக்கும். பதினோராவது வருஷக் கடைசியில் விழித்துக்கொள்பவருக்கு அந்த மாதங்கள் கிடைக்காது.

கெடு யார் பக்கம்?

இவ்வளவும் சங்கத்தின் பக்கம் நின்று எழுதினேன். கடனாளியின் வீட்டையும் நினைக்க வேண்டும். பன்னிரண்டு வருஷத்தில் கடன் வாங்கியவர் இறந்திருக்கலாம். மனைவிக்கும் பிள்ளைகளுக்கும் கடன் இருந்ததே தெரியாமல் இருக்கலாம். சிவில் நடைமுறைச் சட்டத்தின் 50ஆம் பிரிவுப்படி, வாரிசுகள் தங்கள் கைக்கு வந்த சொத்தின் அளவுக்குத்தான் பொறுப்பு. கட்ட வழியே இல்லாத நேர்மையான கடனாளியைச் சிறையில் தள்ளக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் 1980இல் கேரளத்திலிருந்து வந்த வழக்கில் சொன்னது. அவார்டுக்குப் பிறகு பணம் கட்டுகிற உறுப்பினர், அது கோர்ட்டில் பதிவாகிறதா என்றும் பார்க்க வேண்டும். சங்கத்தின் ரசீது மட்டும் கையில் இருந்து, கோர்ட்டில் பதிவாகாமல் போனால், ஈ.பி. விசாரணையில் அது எடுபடாது. ஜாமீன் கையெழுத்துப் போட்ட நண்பர்களுக்கும் இதே எச்சரிக்கை.

கெடு தாண்டாத ஈ.பி.க்களும் எளிதில் முடிவதில்லை. ஆறு மாதத்துக்குள் முடிக்க வேண்டும் என்று 2021இல் உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டது. 2025 மார்ச்சில், தமிழ்நாட்டிலிருந்து வந்த, பல பத்தாண்டுகள் இழுத்த ஒரு வழக்கில், நாடு முழுதும் நிலுவைக் கணக்கு எடுக்கச் சொன்னது. எண்ணிப் பார்த்தபோது 8.8 லட்சத்துக்கும் மேல் ஈ.பி.க்கள் தேங்கிக் கிடந்தன. 1872இல் பிரிவி கவுன்சில் சொன்னது இன்றும் பழையதாகிவிடவில்லை.

1859இன் கெடு கடனாளிக்காக வந்து, கடன் கொடுத்தவருக்கு ஆயுதமாயிற்று. 1908இன் கெடு ஓயாத வழக்குக்கு வித்தாயிற்று. 1963இன் கெடு எல்லாருக்கும் ஒரே அளவு. அதைப் பயன்படுத்துவதும் வீணாக்குவதும் நம் கையில்தான். கூட்டுறவில் கடன் கொடுத்தவர் வேறு யாருமில்லை, நாமேதான். கமிட்டி தூங்கினால் நஷ்டம் பக்கத்து வீட்டு உறுப்பினருக்கு.

ஏழு வாரம் மிச்சமிருந்த அந்தக் கோப்புக்கு ஐந்தாவது வாரத்தில் ஈ.பி. போட்டோம். பணம் வர மூன்று வருஷம் ஆனது, ஆனால் வந்தது. அந்த வாரமே அண்ணாச்சி ஒரு நோட்டுப் புத்தகம் வாங்கினார். அவார்டு தேதி, தவணைத் தேதி, அப்பீல், பன்னிரண்டு வருஷம் முடியும் நாள் என்று நான்கு பத்திகள் கோடு போட்டார். ஒவ்வொரு பொதுக்குழுவிலும் அதை அவரே எழுந்து நின்று வாசிப்பார். நம் சங்கங்களில் செயலாளராகவும் பொருளாளராகவும் இருக்கும் அன்பர்கள், இந்த மலரை மூடி வைத்ததும் தங்கள் பீரோவை ஒரு தரம் திறந்து பார்க்க வேண்டுகிறேன். முதலில் தேதியைப் பாருங்கள்.